இரண்டு செய்திகளுக்கு நடுவே: கிழக்கு ஜெர்மனியின் அரசுத் தொலைக்காட்சி

கம்யூனிஸ்ட் நாடுகளின் அரசுத் தொலைக்காட்சி என்றதும் நம் மனத்தில் ஒரு சித்திரம் தயாராக இருக்கிறது. ஒரே சேனல், அதில் தலைவரின் உரை, வேறு எதையும் அறிய வழியில்லாமல் அதை நம்பிக்கொண்டிருக்கும் மக்கள். இந்தச் சித்திரம் எவ்வளவு தூரம் சரி என்று சோதித்துப் பார்க்கக் கிழக்கு ஜெர்மனியைவிடப் பொருத்தமான இடம் இல்லை. அங்கே அரசுத் தொலைக்காட்சிக்கு ஏகபோகம் கிடைக்கவே இல்லை. மேற்கு ஜெர்மனியின் ஒளிபரப்புக் கோபுரங்களிலிருந்து புறப்பட்ட அலைகள் எல்லைச் சுவரைத் தாண்டி, நாட்டின் பெரும்பாலான வீடுகளுக்குள் வந்தன. இரு பக்கமும் பேசிய மொழி ஒன்றே என்பதால், எதிர்முகாமின் செய்தியைப் புரிந்துகொள்ள யாருக்கும் மொழிபெயர்ப்பு தேவைப்படவில்லை.

மாலை 7 மணிக்கு மேற்கின் இசட்.டி.எஃப். சேனலில் 'ஹாய்டெ' செய்தி. 7.30க்குக் கிழக்கின் அரசுச் செய்தி 'அக்டுவெல்லே கமெரா'. 8 மணிக்கு மீண்டும் மேற்கு, ஏ.ஆர்.டி.யின் 'டாகஸ்ஷாவ்'. ஒரே மாலையில் ஒரே உலகத்தைப் பற்றி ஒன்றுக்கொன்று முரணான செய்திகளைப் பார்க்க வாய்ப்பிருந்த ஒரு சமூகத்தில், அரசுத் தொலைக்காட்சி என்ன செய்தது? எதற்காக இருந்தது? எதில் வென்றது, எதில் தோற்றது?

அந்தத் தொலைக்காட்சியை வீழ்த்தியது எதிரியின் அலைவரிசை அல்ல என்பதே இந்தக் கட்டுரையின் வாதம். தன் மக்கள் வாழ்ந்த வாழ்க்கையைத் திரையில் காட்ட மறுத்ததுதான் அதன் தோல்விக்குக் காரணம். காட்டத் துணிந்த இடங்களிலெல்லாம் மக்கள் அதை ஏற்றுக்கொண்டார்கள்.

தொடக்கமும் கோட்பாடும்

கிழக்கு பெர்லினின் அட்லர்ஷோஃப் பகுதியிலிருந்து சோதனை ஒளிபரப்பு 1952 டிசம்பர் 21 அன்று தொடங்கியது. அது ஸ்டாலினின் பிறந்தநாள். 'அக்டுவெல்லே கமெரா'வும் அன்றே பிறந்தது. நான்கு நாட்கள் கழித்து, கிறிஸ்துமஸ் அன்று, மேற்கு ஜெர்மனி தன் முறையான ஒளிபரப்பைத் தொடங்கியது. முந்திக்கொள்ள வேண்டும் என்ற தவிப்பு முதல் நாளிலேயே இருந்தது. கிழக்கின் நிறுவனம் 'டாய்ச்சர் ஃபெர்ன்சேஃபுங்க்' என்ற பெயரில் 1956 ஜனவரி 3 அன்று முறையான ஒளிபரப்புக்கு வந்தது. 1972இல் அதன் பெயர் 'ஜெர்மன் ஜனநாயகக் குடியரசின் தொலைக்காட்சி' என்று மாறியது.

ஊடகம் எதற்கு என்ற கேள்விக்கு ஆளும் கட்சியிடம் தெளிவான பதில் இருந்தது. செய்தித்தாள் என்பது கூட்டுப் பிரச்சாரகனும் கிளர்ச்சியாளனும் மட்டுமல்ல, கூட்டு அமைப்பாளனும்கூட என்று 1901இல் லெனின் எழுதியிருந்தார். ஜார் ஆட்சிக்கு எதிராக மறைவில் இயங்கிய ஒரு சிறு கட்சியின் பத்திரிகைக்காக எழுதப்பட்ட வரையறை அது. ஆட்சியைப் பிடித்த கட்சிகள் அதை அப்படியே எடுத்து நாடு முழுவதற்குமான ஊடகத்தின் மீது வைத்தன. ஆட்சியில் இருப்பவர்களை யார் கேள்வி கேட்பது என்பதற்கு அந்த வரையறையில் இடமில்லை. லைப்ஸிக் பல்கலைக்கழகத்தின் இதழியல் துறை இந்த அடிப்படையில்தான் செய்தியாளர்களை உருவாக்கியது. கட்சிக்குக் காட்டிய கண்டிப்பான விசுவாசத்தால் அதற்குச் 'சிவப்பு மடாலயம்' என்று பட்டப்பெயர் கிடைத்தது.

தொலைக்காட்சிக்கென ஓர் அரசுக் குழு இருந்தது. 1954 முதல் 1989 வரை ஹைன்ஸ் அடமெக் என்பவரே நிறுவனத்தின் தலைவராக இருந்தார். ஆனால் முடிவுகள் எடுக்கப்பட்டது சோஷலிச ஐக்கியக் கட்சியின் மத்தியக் குழுவில், அதன் கிளர்ச்சிப் பிரிவில். வியாழக்கிழமைதோறும் முக்கிய ஊடகங்களின் ஆசிரியர்கள் அங்கே வரவழைக்கப்பட்டு, எதைச் சொல்ல வேண்டும், எந்தச் சொல்லைத் தவிர்க்க வேண்டும் என்று அறிவுறுத்தப்பட்டார்கள். 1978க்குப் பிறகு ஊடகப் பொறுப்பு அரசியல் குழுவைச் சேர்ந்த யோவாகிம் ஹெர்மானிடம் வந்தது. அன்றைய மாலைச் செய்தியில் எது முதலில், எது அடுத்து என்பதைக் கட்சித் தலைவர் எரிக் ஹோனெக்கரிடமே கொண்டுபோய் ஒப்புதல் வாங்கும் வழக்கம் இருந்தது 1989க்குப் பின் வெளிவந்தது. இங்கே தனித் தணிக்கைத் துறைக்கு வேலையே இருக்கவில்லை. எது கடக்கும், எது கடக்காது என்று ஒவ்வொரு செய்தியாளருக்கும் மனப்பாடமாகத் தெரிந்திருந்தது.

அரசு யாரோடு பேசியது?

'அக்டுவெல்லே கமெரா'வின் அமைப்பு பல்லாண்டுகள் மாறவில்லை. முதலில் ஹோனெக்கர் யாரைச் சந்தித்தார் என்ற செய்தி. அவர் பெயர் வரும்போதெல்லாம் மத்தியக் குழுவின் பொதுச் செயலாளர், அரசுக் குழுவின் தலைவர் என்ற பதவிகள் முழுமையாக வாசிக்கப்படும். அடுத்து ஏதோ ஒரு தொழிற்சாலை திட்ட இலக்கைத் தாண்டியது, கூட்டுப் பண்ணை ஒன்று அறுவடையை முடித்தது. பிறகு சோஷலிச சகோதர நாடுகள். கடைசியில் மேற்கின் வேலையின்மையும் வேலைநிறுத்தங்களும். அரசுச் செய்தி நிறுவனமான ஏ.டி.என். தந்த வாசகங்கள் அப்படியே வாசிக்கப்பட்டன.

இது மக்களை நம்பவைப்பதற்காகச் செய்யப்பட்டது என்று எடுத்துக்கொண்டால் புரியாத புதிராகத்தான் தெரியும். கடையில் எது கிடைக்கவில்லை என்பது வரிசையில் நின்றவருக்குத் தெரியும். தொழிற்சாலையில் உதிரிப்பாகம் இல்லாமல் இயந்திரம் நின்றுகிடந்ததைத் தொழிலாளி பார்த்திருக்கிறார். எண்பதுகளில் தொலைக்காட்சி நிறுவனம் ரகசியமாக நடத்திய பார்வையாளர் ஆய்வுகளும் செய்தியைப் பார்ப்பவர்கள் குறைவு என்பதையே காட்டின. அப்படியிருந்தும் அமைப்பு மாறவில்லை.

அந்தச் செய்தியின் உண்மையான வேலை வேறு. அது அதிகாரத்தின் மொழியை நாள்தோறும் புதுப்பித்தது. எந்த நாட்டோடு உறவு நெருங்குகிறது, எந்தத் தலைவரின் பெயர் பின்னுக்குப் போகிறது, எந்தச் சொல் இனி பொதுவெளியில் அனுமதிக்கப்படும் என்பதை மாவட்டக் கட்சிச் செயலாளர் முதல் பள்ளித் தலைமையாசிரியர் வரை அதிலிருந்துதான் கற்றுக்கொண்டார்கள். மக்களிடமும் நம்பிக்கை எதிர்பார்க்கப்படவில்லை. பொது இடத்தில் அந்த மொழியைப் பேசினால் போதும். வீட்டில் ஒன்றும் வெளியில் ஒன்றுமாகப் பேசப் பழகிய ஒரு தலைமுறை இப்படித்தான் உருவானது. திரையில் வரும் கடிகாரத்தில் மணியைக் காட்டப் புள்ளிகள் இருக்கின்றனவா, கோடுகளா என்று ஆசிரியர்கள் குழந்தைகளைக் கேட்டு, வீட்டில் எந்தச் சேனல் ஓடுகிறது என்று கண்டுபிடித்ததைப் பலர் நினைவுகூர்ந்திருக்கிறார்கள்.

ஆன்டெனாப் போர்

அலைகளின் ஆற்றலைக் கட்சி 1953 ஜூன் 17 அன்றே உணர்ந்திருந்தது. அன்று வெடித்த தொழிலாளர் எழுச்சியின் செய்தியை நாடெங்கும் கொண்டுசேர்த்தது மேற்கு பெர்லினின் ஆர்.ஐ.ஏ.எஸ். வானொலி. தொலைக்காட்சி பரவியபோது அதே அச்சம் படத்தோடு திரும்பி வந்தது. பவேரியாவின் ஒக்ஸன்கோஃப், ஹார்ட்ஸ் மலையின் டோர்ஃப்ஹவுஸ் ஆகிய உயரங்களிலிருந்தும் மேற்கு பெர்லினிலிருந்தும் வந்த ஒளிபரப்பு நாட்டின் பெரும்பகுதியை எட்டியது.

1961 ஆகஸ்டில் சுவர் எழுந்தது. மனிதர்கள் கடப்பதை அது தடுத்தது, அலைகளைத் தடுக்கவில்லை. அடுத்த மாதமே கட்சியின் இளைஞர் அமைப்பு களத்தில் இறங்கியது. இளைஞர் குழுக்கள் வீட்டுக் கூரைகளில் ஏறி, மேற்கு நோக்கியிருந்த ஆன்டெனாக்களைத் திருப்பின, வளைத்தன, உடைத்தன. இந்த இயக்கத்துக்கு அந்தப் பவேரிய மலையின் பெயரே வழங்கியது. அவர்கள் இறங்கிப் போனதும் மக்கள் ஆன்டெனாவை மீண்டும் திருப்பினார்கள், அல்லது கூரைக்கு அடியில், பரணில் ஒளித்து மாட்டினார்கள். மேற்குத் தொலைக்காட்சியைப் பார்ப்பதற்கென்று தனித் தடைச் சட்டம் இயற்றப்படவில்லை. பார்த்ததைப் பிறரிடம் பரப்பினால் அரசுக்கு எதிரான கிளர்ச்சி என்ற குற்றப் பிரிவு பாய முடியும். படைவீரர்களுக்கும் காவலர்களுக்கும் பார்க்கவே அனுமதியில்லை.

எதிர்ப்பிரச்சாரத்துக்கென்று ஒரு நிகழ்ச்சியும் இருந்தது. 1960 மார்ச் 21 முதல் திங்கள் இரவுகளில் கார்ல்-எட்வார்ட் ஃபான் ஷ்னிட்ஸ்லர் 'கருப்புச் சேனல்' நிகழ்ச்சியை வழங்கினார். மேற்குச் செய்திகளிலிருந்து துண்டுகளை எடுத்துக் காட்டி, அவற்றைக் கடும் சொற்களால் மறுப்பது அதன் முறை. மக்களைத் திரைக்கு முன் இருத்த, அதற்கு முன்னால் பழைய ஜெர்மன் திரைப்படம் ஒன்று போடப்படும். படம் முடிந்து அறிவிப்பாளர் அவருடைய பெயரைச் சொல்லத் தொடங்கியதும் பலர் சேனலை மாற்றினார்கள். இந்த நிகழ்ச்சிக்குள் ஒரு பெரிய முரண் இருந்தது. மேற்கை மறுக்க வேண்டுமானால் மேற்கு சொன்னதை முதலில் காட்டியாக வேண்டும். எல்லாரும் அதைப் பார்க்கிறார்கள் என்ற உண்மையை அரசே வாரந்தோறும் ஒப்புக்கொண்டிருந்தது.

1969 அக்டோபர் 3 அன்று பெர்லினில் 365 மீட்டர் உயரத் தொலைக்காட்சிக் கோபுரம் திறக்கப்பட்டது. அன்றே இரண்டாவது சேனலும் வண்ண ஒளிபரப்பும் தொடங்கின. வண்ணத்துக்குச் சோவியத் ஒன்றியத்தைப் போலவே பிரான்ஸின் செகாம் முறை தேர்ந்தெடுக்கப்பட்டது. மேற்கு ஜெர்மனியோ பால் முறையைப் பின்பற்றியது. கிழக்கில் தயாரான பெட்டியில் மேற்கின் படம் வந்தது, கருப்பு வெள்ளையில். கைத்திறன் உள்ளவர்கள் பெட்டிக்குள் பால் டிகோடர் வைத்துக் கொடுத்தார்கள். பின்னாளில் இரண்டு முறையையும் ஏற்கும் பெட்டிகளை அரசுத் தொழிற்சாலைகளே தயாரித்தன.

சலிப்பை ஒப்புக்கொண்ட கட்சி

1971இல் கட்சியின் எட்டாவது மாநாட்டில், புதிதாகத் தலைமைக்கு வந்திருந்த ஹோனெக்கர், நம் தொலைக்காட்சியில் ஒருவிதச் சலிப்பு இருக்கிறது என்று வெளிப்படையாகச் சொன்னார். 1973 மே மாதம் மத்தியக் குழுவில் இன்னொரு படி போனார். மேற்கின் தொலைக்காட்சியை யாரும் தம் விருப்பப்படி போடலாம், அணைக்கலாம் என்றார். கூரைமேல் ஏறிய காலம் முடிந்தது. மக்களைத் தடுக்க முடியாது என்றால் அவர்களை ஈர்க்க வேண்டும் என்பது புதிய கணக்கு.

பல்சுவை நிகழ்ச்சியான 'ஐன் கெஸல் பூண்டெஸ்' 1972 ஜனவரியில் தொடங்கியது. அபா போன்ற மேற்கத்திய இசைக்குழுக்களும் அதில் தோன்றின. 1982இல் நிகழ்ச்சி நிரலே மாற்றியமைக்கப்பட்டது. மேற்கில் அரசியல் விவாதம் ஓடும் நேரத்தில் கிழக்கில் திரைப்படம் போடுவது என்று எதிராளியின் அட்டவணையைப் பார்த்துத் திட்டமிட்டார்கள். கேளிக்கையில் இந்தப் போட்டி ஓரளவு பலித்தது. செய்தியில் மட்டும் ஒரு சொல்கூட இளகவில்லை. தளர்வின் எல்லை எது என்பதை இந்த வேறுபாடு காட்டுகிறது. மகிழ்விக்கலாம், அறிவிக்கக் கூடாது.

ஆனாலும் அட்லர்ஷோஃபின் சில நிகழ்ச்சிகளை வெறும் கேளிக்கை என்று ஒதுக்க முடியாது. 1963இல் தொடங்கிய 'பிரிஸ்மா' பார்வையாளர்களின் கடிதங்களை அடிப்படையாகக் கொண்டது. கிடைக்காத உதிரிப்பாகம், ஒழுகும் கூரை, இழுத்தடிக்கும் நிர்வாகம் என்று அன்றாடக் குறைகளை எடுத்துக்கொண்டு, பொறுப்பானவரைக் கேமரா முன் பதில் சொல்ல வைத்தது. மக்கள் அதற்கு ஏராளமாக எழுதினார்கள். அதன் வரம்பும் தெளிவு. குற்றம் ஒரு தொழிற்சாலை மேலாளரோடு நின்றுவிடும். அந்த மேலாளரை அப்படி நடக்க வைத்த திட்டமும், திட்டத்தை வகுத்த கட்சியும் கேள்விக்கு வெளியே இருந்தன.

'போலிட்சைரூஃப் 110' என்ற குற்றப்புலனாய்வுத் தொடர் 1971 ஜூன் 27 அன்று வந்தது. மேற்கின் 'டாட்டோர்ட்' தொடருக்கு விடையாக உருவாக்கப்பட்டாலும் அது தனக்கென்று ஒரு நிலத்தைக் கண்டுகொண்டது. குடிப்பழக்கம், கூட்டுச்சொத்தைத் திருடுதல், வழிதவறிய இளைஞர்கள், குடும்பத்துக்குள் நடக்கும் வன்முறை ஆகியவற்றை அது கதையாக்கியது. சோஷலிசத்தில் குற்றத்துக்கான வேர் காய்ந்துபோகும் என்று கோட்பாடு சொன்ன நாட்டில், நம்மிடையேயும் குற்றம் இருக்கிறது என்று திரையில் சொன்ன நிகழ்ச்சி இது. எல்லாக் கதையும் கடக்கவில்லை. சிறுவர்கள் கொல்லப்பட்ட ஓர் உண்மை வழக்கைத் தழுவி 1974இல் எடுக்கப்பட்ட பகுதி தடுக்கப்பட்டு, அதை அழிக்க உத்தரவும் வந்தது. இருந்தும் மக்கள் அந்தத் தொடரில் தங்கள் தெருவையும் படிக்கட்டையும் அண்டை வீட்டாரையும் கண்டார்கள். அதனால் பார்த்தார்கள்.

தங்கள் செய்தியை எதிர்முகாமில் பார்த்தவர்கள்

இரு ஜெர்மனிகளுக்கும் இடையே 1972இல் கையெழுத்தான அடிப்படை உடன்பாட்டுக்குப் பிறகு மேற்கின் செய்தியாளர்கள் கிழக்கு பெர்லினில் தங்கிப் பணியாற்ற முடிந்தது. இதன் விளைவை யாரும் முழுதாக எதிர்பார்க்கவில்லை. கிழக்கில் நடந்தது மேற்கின் கேமராவில் பதிவாகி, மேற்கின் கோபுரத்திலிருந்து கிழக்கின் வீடுகளுக்கே திரும்பி வந்தது. 1976 நவம்பரில் பாடகர் வொல்ஃப் பியர்மன் கொலோனில் ஒரு கச்சேரி நடத்தினார். கிழக்கு அரசு அவரது குடியுரிமையைப் பறித்தது. அந்தக் கச்சேரியை ஏ.ஆர்.டி. சில நாட்களில் முழுமையாக ஒளிபரப்பியது. சொந்த நாட்டில் பல்லாண்டுகளாக மேடை மறுக்கப்பட்டிருந்த கலைஞரைக் கிழக்கின் மக்கள் தங்கள் வீட்டிலேயே கண்டார்கள். அடுத்த மாதம் ஏ.ஆர்.டி. செய்தியாளர் லோதார் லோவெ, எல்லைக் காவலர்களுக்கு மனிதர்களைச் சுட உத்தரவு இருப்பதைச் செய்தியில் சொன்னதற்காக வெளியேற்றப்பட்டார்.

1986இல் செர்னோபில் அணு உலை வெடித்தபோது இந்தப் பிளவு உடம்பையே தொட்டது. கிழக்கின் செய்தி சுருக்கமாக அறிவித்துவிட்டு ஆபத்து இல்லை என்றது. மேற்கின் செய்தி, எந்தக் கீரையைத் தவிர்க்க வேண்டும், குழந்தைகளை மணலில் விளையாட விடலாமா என்று விவாதித்தது. தன் குழந்தைக்கு எதைக் கொடுப்பது என்று முடிவெடுக்க ஒரு தாய் எதிர்முகாமின் சேனலை நம்ப வேண்டியிருந்தது என்பதைவிடக் கடுமையான தீர்ப்பை ஓர் அரசுத் தொலைக்காட்சி பெற முடியாது.

டிரெஸ்டன் சொல்லும் பாடம்

அப்படியானால் மேற்கின் தொலைக்காட்சிதான் அந்த அரசைக் கவிழ்த்ததா? இங்கேதான் எளிய விடை தடுமாறுகிறது. எல்பே ஆற்றுப் பள்ளத்தாக்கில் இருந்த டிரெஸ்டன் பகுதிக்கும் வடகிழக்கில் கிரைஃப்ஸ்வால்டு பக்கத்துக்கும் மேற்கின் படம் எட்டவில்லை. விவரம் அறியாதவர்களின் பள்ளத்தாக்கு என்று மற்ற ஊர்க்காரர்கள் டிரெஸ்டன் பகுதியை அழைத்தார்கள். எண்பதுகளின் கடைசியில் கூட்டு ஆன்டெனாக்களும் செயற்கைக்கோள் தட்டுகளும் வரும்வரை அந்த நிலை நீடித்தது.

அரசின் தொலைக்காட்சி மட்டுமே கிடைத்த இந்தப் பகுதி அரசை அதிகம் நம்பியிருக்க வேண்டும். நடந்தது நேர்மாறு. லைப்ஸிக்கின் இளைஞர் ஆய்வு மையம் எண்பதுகளின் இறுதியில் எடுத்த கருத்துக்கணிப்புகளை அரசியல் அறிஞர்கள் ஹோல்கர் கெர்னும் யென்ஸ் ஹைன்முல்லரும் பின்னர் ஆராய்ந்து, 2009இல் முடிவுகளை வெளியிட்டார்கள். மேற்கின் தொலைக்காட்சியைப் பார்க்க முடிந்தவர்களே கிழக்கின் வாழ்க்கையோடு கூடுதலாக ஒத்துப்போயிருந்தார்கள். நாட்டைவிட்டு வெளியேற அனுமதி கேட்டு விண்ணப்பித்தவர்களின் விகிதம் டிரெஸ்டன் பகுதியில் உயர்ந்திருந்தது. காரணம் மேற்கின் அரசியல் செய்தியைவிட அதன் திரைப்படங்களிலும் தொடர்களிலும் இருந்தது. மாலை நேரத்தின் இறுக்கத்தை அவை தளர்த்தின. அது கிடைக்காத ஊரில் சலிப்பு கோபமாகத் திரண்டது. 1989 போராட்டங்களின் பரவலை ஆராய்ந்த பிற்கால ஆய்வொன்றும் மேற்கின் தொலைக்காட்சிக்கும் போராட்டத்துக்கும் நேரடித் தொடர்பைக் காணவில்லை. அக்டோபர் 4 இரவு, மேற்குக்குத் தப்பிச்செல்லும் கிழக்கு ஜெர்மானிய அகதிகளைப் பிராகிலிருந்து ஏற்றிவந்த ரயில்களை ஒட்டிக் கடும் மோதல் வெடித்தது டிரெஸ்டன் ரயில் நிலையத்தில்தான்.

இந்த ஆய்வுகள் மேற்கின் செய்திக்கு மதிப்பில்லை என்று சொல்லவில்லை. உண்மையை அறிவதும் செயலில் இறங்குவதும் வெவ்வேறு என்பதைக் காட்டுகின்றன. முப்பது ஆண்டுகளாக மக்கள் அறிந்தே இருந்தார்கள். அறிந்ததை உரக்கச் சொல்லும் இடம்தான் அவர்களுக்கு இல்லை.

1989: திரை திறந்த வாரங்கள்

1989 இலையுதிர்காலத்தில் அந்த இடம் உருவானது, முதலில் தெருவில். வெளியேறுபவர்களுக்காக ஒரு சொட்டுக் கண்ணீரும் வேண்டாம் என்ற பொருளில் அக்டோபர் தொடக்கத்தில் ஏ.டி.என். விமர்சனம் ஒன்றை வெளியிட்டது. பிள்ளைகள் பிரிந்துபோன பெற்றோர்கள் கொதித்தார்கள். அந்த வரியைச் சேர்த்தவர் ஹோனெக்கரே என்பது பின்னர் தெரியவந்தது. அக்டோபர் 7 அன்று குடியரசின் நாற்பதாம் ஆண்டு விழாவின் அணிவகுப்பைத் திரை காட்டியது, அன்று மாலை காவலர்கள் தெருவில் இளைஞர்களை அடித்ததைக் காட்டவில்லை. இரண்டு நாள் கழித்து லைப்ஸிக்கில் சுமார் 70,000 பேர் அமைதியாக நடந்தார்கள். அதை அராம் ராடோம்ஸ்கியும் சீக்பெர்ட் ஷெஃப்கேயும் ஒரு தேவாலயக் கோபுரத்தில் ஒளிந்திருந்து படம்பிடித்தார்கள். கடத்திக் கொண்டுபோகப்பட்ட அந்தப் படத்தை மறுநாள் மேற்கின் செய்தி ஒளிபரப்பியது.

அக்டோபர் 18 அன்று ஹோனெக்கர் பதவி விலகினார். அடுத்து நிகழ்ந்ததுதான் நம் கேள்விக்கு முக்கியம். 'அக்டுவெல்லே கமெரா' ஊர்வலங்களைக் காட்டத் தொடங்கியது, அமைச்சர்களிடம் கேள்வி கேட்டது. லைப்ஸிக் ஊர்வலங்களில் ஷ்னிட்ஸ்லரை நீக்கச் சொல்லி முழக்கம் எழுந்தது. அக்டோபர் 30 அன்று சில நிமிடங்களில் விடைபெற்று அவர் தன் நிகழ்ச்சியை முடித்துக்கொண்டார். நவம்பர் 4 அன்று அலெக்ஸாண்டர்பிளாட்ஸ் சதுக்கத்தில் கூடிய மாபெரும் கூட்டத்தை அரசுத் தொலைக்காட்சியே நேரலையில் காட்டியது. இளைஞர்களுக்கான 'எல்ஃப் 99' நிகழ்ச்சி, கட்சித் தலைவர்கள் மதிலுக்குப் பின்னால் வாழ்ந்த வாண்ட்லிட்ஸ் குடியிருப்புக்குள் கேமராவோடு நுழைந்தது. அரசுச் செய்தியின் பார்வையாளர் எண்ணிக்கை வேகமாக ஏறியது. மேற்கின் சேனல்கள் முன்போலவே கிடைத்தன. இருந்தும் மக்கள் தங்கள் சொந்தத் தொலைக்காட்சிக்குத் திரும்பினார்கள்.

நவம்பர் 9 மாலை, கட்சியின் பேச்சாளர் குந்தர் ஷபோவ்ஸ்கியின் செய்தியாளர் சந்திப்பு நேரலையில் போய்க்கொண்டிருந்தது. ஏழு மணிக்குச் சற்று முன், புதிய பயண விதிகள் உடனே நடைமுறைக்கு வருவதாக அவர் தடுமாறிச் சொன்னார். எட்டு மணிக்கு மேற்கின் செய்தி எல்லை திறப்பதாக அறிவித்தது. இரண்டையும் பார்த்தவர்கள் சாவடிகளுக்கு விரைந்தார்கள். நள்ளிரவுக்குச் சற்று முன் போர்ன்ஹோல்மர் தெருச் சாவடி திறந்தது. அரசின் திரையில் பிறந்த சொல்லை மேற்கின் திரை எங்கும் கொண்டுசேர்த்தது. அதைச் செயலாக்கியவர்கள் சாவடியில் போய் நின்ற மக்கள்.

எஞ்சியது என்ன?

1990 பிப்ரவரி 5 அன்று கிழக்கின் நாடாளுமன்றமான மக்கள் அவை ஊடகச் சுதந்திரத்துக்கு உறுதியளிக்கும் தீர்மானத்தை நிறைவேற்றியது. அந்தச் சுதந்திரத்தோடு அட்லர்ஷோஃப் இரண்டு ஆண்டுகள்கூட இயங்கவில்லை. இரு ஜெர்மனிகளின் இணைப்பு ஒப்பந்தப்படி 1991 டிசம்பர் 31 அன்று அது மூடப்பட்டது. தணிக்கையிலிருந்து விடுபட்டுத் தன் மக்களோடு நேர்மையாகப் பேசக் கற்றுக்கொண்டிருந்த ஒரு நிறுவனம், அப்படிப் பேசத் தொடங்கிய வேளையிலேயே கலைக்கப்பட்டது ஓர் இழப்பு என்றே நான் கருதுகிறேன். கிழக்கின் மக்கள் தங்கள் வாழ்க்கையைத் தங்கள் குரலில் கேட்கக் கிடைத்த வாய்ப்பு மிகக் குறுகியது.

எவை பிழைத்தன என்று பார்த்தால் இந்த வரலாற்றின் பாடம் தெளிவாகிறது. 1959 நவம்பரில் தொடங்கிய குழந்தைகளுக்கான பொம்மை நிகழ்ச்சி 'சாண்ட்மென்ஷென்' மேற்கின் அதே வகை நிகழ்ச்சியைப் பின்தள்ளி ஜெர்மனி முழுவதற்கும் சொந்தமானது. 'போலிட்சைரூஃப் 110' ஏ.ஆர்.டி.யின் தொடராகி இன்றும் வருகிறது. அவற்றை உருவாக்கியதும் அதே நிறுவனம், அதே அரசுப் பணம். பார்ப்பவரை வழிநடத்த வேண்டிய கூட்டமாக நினைக்காமல், உறங்கப்போகும் குழந்தையாகவும் தெருவில் வசிக்கும் மனிதராகவும் நினைத்து அவை செய்யப்பட்டன.

ஆகவே அரசு நடத்தும் தொலைக்காட்சி என்பதாலேயே அது வீண் என்ற முடிவுக்கும் நாம் போக வேண்டியதில்லை. கட்சியின் குரலே மக்களின் குரல் என்று கோட்பாடு அடித்துச் சொன்ன நாட்டில், மக்கள் தங்கள் குரலைத் தேடி வேறு சேனலுக்குப் போனார்கள். அது முதன்முறையாகத் தங்கள் திரையிலேயே கேட்டபோது திரும்பி வந்தார்கள். ஓர் அரசுத் தொலைக்காட்சியின் மதிப்பை அது யாருடைய பணத்தில் நடக்கிறது என்பதைவிட, ஆள்பவர்களுக்குப் பிடிக்காத செய்தியை ஆளப்படுபவர்களுக்குச் சொல்ல அதற்கு உரிமை இருக்கிறதா என்பதை வைத்தே அளக்க வேண்டும். அந்த உரிமை இல்லாத இடத்தில் எத்தனை உயரக் கோபுரம் கட்டினாலும் அதன் செய்தி மக்களிடம் போய்ச் சேராது.